எண்ணெய் முடிந்த படங்கள்

மெரிலாண்ட்ஸ், சிட்னி
12.02.2012

அன்புள்ள நாகலட்சுமிக்கு,

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். இதுவரை இங்கிருந்து உமக்கு வந்த ஆறு கடிதத்தில் ஒன்றுகூட என் எழுத்தில்லை. பின்னறையில் இருந்த ஜசிந்தன் என்கிற மாணவன்தான் எழுதினான். நான் பக்கத்தில் இருந்து தேத்தண்ணி குடித்தேன். அவன் இப்போது மெல்பேர்னில் கிளேட்டனுக்குப் படிக்கப் போய்விட்டான். போகும்போது, "அங்கிள், இனி நீங்களே எழுதுங்கோ" என்று பேனையைக் கையில் தந்துவிட்டுப் போனான். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னைக் கைவிட்டது. நானும் அதைத் தேடிப் போகவில்லை. ஆகவே இது கோழி கிண்டினது போல இருந்தால் கோழியை ஏசும்.

நான் நல்ல சுகம். உம்முடைய முழங்கால் நோ குறைந்ததா? தங்கச்சியும் அவள் மகள் கௌசிகாவும் எப்படி?

இப்போது ஓர் ஆப்கான் பேக்கரியில் வேலை. அவர்களுடைய ரொட்டிக்கு நான் என்று பேர். யார் சுட்டது என்றாலும் நான், எதைச் சுட்டது என்றாலும் நான். என்னோடு அடுப்பில் நிற்பவன் முராத், கஸ்னி மாகாணத்துக்காரன். வில்லாவுட் தடுப்பு முகாமில் அவன் எனக்குப் பக்கத்துக் கட்டில். இப்போது பக்கத்து அறை. ஊரில் அவன் செய்த தொழில் என்ன தெரியுமா? எங்கள் தொழில்தான். டிவி, டெக், எஞ்சின், படம்.

தர்மபுரத்தில் இருந்த எங்கள் படக்கொட்டிலைப் பற்றி அவனுக்குச் சொன்னேன். கரண்ட் இல்லாத ஊரில் மண்ணெண்ணெயில் எஞ்சின் ஓடினதையும், எண்ணெய் முடிந்தால் நான் எழும்பி நின்று மிச்சக் கதையை வாயால் சொல்லி முடித்ததையும் சொன்னேன். உம்மைப் பற்றியும் சொன்னேன். குசினிக்குள் புட்டு அவித்துக்கொண்டே எஞ்சின் சத்தம் மாறுவதைக் கண்டுபிடித்து, "இஞ்சாருங்கோ, இன்னும் பத்து நிமிசந்தான்" என்று கத்துவீரே. அந்தக் காதைப் பற்றிக் கேட்டு முராத் வாயைப் பிளந்தான்.

உம்மை இங்கே கூப்பிடும் விண்ணப்பம் உள்ளே போய்விட்டது. இனி விசாக் கந்தோரிலிருந்து உம்மோடு போனில் கதைப்பார்கள். தமிழ் ஆள் ஒருவர் நடுவில் இருப்பார். நீர் என் பெண்சாதிதானா என்று கேட்பார்கள். "ஓம், என்ன செய்யிறது" என்று சொன்னால் போதும். ஆனால் நீர் எடுத்துக் கதைக்க வேண்டும். நான் எடுக்கிற நேரமெல்லாம் கௌசிகாதான் வருகிறாள். "பெரியம்மா கோயிலுக்கு", "பெரியம்மா கிணத்தடியில". ஒரேயொரு தடவை நீர் எடுத்தீர். "நான் சுகம்" என்றீர், வைத்துவிட்டீர். சிறுநீரகக் கல்லை எடுக்கக் கொழும்புக்குப் போன மனிசன், சண்டையில் பாதை பூட்டுப்பட்டு, ஊருக்குத் திரும்ப முடியாமல், கடலில் ஏறி இங்கே வந்து சேர்ந்தது என் குற்றந்தான். என்னோடு கோபியும், கந்தோரோடு கோபிக்காதேயும்.

நாலு வருடமாக உம்மைக் காணாத,
தவம்


தர்மபுரம்
20.03.2012

கௌசிகாவின் பெரியப்பாவுக்கு,

இங்கே எல்லோரும் இருக்கிறோம். முழங்கால் நோ எனக்கில்லை, தங்கச்சிக்கு. நாலு வருடத்தில் ஆள் மாறிப்போச்சு போல. உங்களுடைய சாப்பாடு எப்படி? கல் திரும்ப வந்ததா?

கடிதம் உங்களுடையதல்ல என்று எனக்கு முதல் கடிதத்திலேயே தெரியும். "என் அன்பின் சிகரமே" என்று தொடங்கியிருந்தது. இருபத்திரண்டு வருடத்தில் நீங்கள் என்னைக் கூப்பிட்டது "இஞ்சாரும்" என்று மட்டுந்தான். பாவம், யாரோ பிள்ளை ஆசையாய் எழுதுகிறது, எழுதட்டும் என்று விட்டுவிட்டேன். அந்த ஆறும் பெட்டிக்குள் கிடக்கிறது. கோழி கிண்டின கடிதம் தலையணைக்குக் கீழே.

போன் எனக்குச் சரிவராது. போனில் கதைத்தால் வைத்தவுடன் முடிந்துவிடும். கடிதத்தை எத்தனை தரமும் வாசிக்கலாம். நீங்கள் எழுதுங்கோ. பிழை பரவாயில்லை. அந்த ஆப்கான் படக்காரரின் கொட்டிலைப் பற்றி விவரமாய் எழுதுங்கோ.

வீட்டுக்குத் தகரம் போட்டாயிற்று. எங்கள் படக்கொட்டில் நின்ற இடத்தில் ஒரு பூசணிக்கொடி படர்ந்திருக்கிறது. நன்றாய்க் காய்க்கிறது.

சுவரில் உங்கள் படத்தைக் கொழுவி வைத்திருக்கும்,
நாகலட்சுமி


மெரிலாண்ட்ஸ்
22.04.2012

அன்புள்ள நாகலட்சுமிக்கு,

கல் வரவில்லை. இங்கே குளிர்தான் வந்திருக்கிறது. அடுப்போடு வேலை என்றபடியால் முன்பக்கம் கோடை, பின்பக்கம் மாரி. நீர் நலமாய் இருக்கிறீர் என்று உம்முடைய கடிதத்தின் வாய்க்காரத்தில் தெரிகிறது.

கேட்டீரே, முராத்தின் கொட்டில். அது கொட்டில் இல்லை. அவன் ஊர் மலைக்குள்ளே. தேத்தண்ணிக் கடைக்குப் பின்னால் மண்சுவர் அறை. பனிக்காலத்தில் பாதை மூடிவிடும். சாமானும் வராது, சண்டைக்காரரும் வரமாட்டார்கள். ஆகவே சனம் படம் பார்க்கும். நிலத்தில் மெத்தைகள். நடுவில் ஒரு குட்டி மேசை, அதற்குக் கீழே தணல் சட்டி, மேலே பெரிய போர்வை. எல்லோரும் அந்த ஒரு போர்வைக்குள் காலை நீட்டிக்கொண்டு பாதாம் பருப்புக் கொறித்துக்கொண்டு இருப்பார்களாம். படம் இந்தி. ஒருவருக்கும் இந்தி தெரியாது. ஆனால் சரியான இடத்தில் எல்லோரும் அழுவார்களாம்.

தலிபான் காலத்தில் டிவியைக் கண்டால் உடைத்துவிட்டு, நாடாவை உருவி மரத்தில் தொங்கவிடுவார்கள். இவன் டிவியைக் கோதுமை மாவுப் பெட்டிக்குள் புதைத்து வைத்தான். பிறகு எடுத்துப் போட்டால் டெக்குக்குள்ளும் மாவு, கதாநாயகன் முகத்திலும் மாவு. "கதாநாயகி தும்மினவளோ?" என்று கேட்டேன். எனக்கும் அவனுக்கும் இடையில் இருப்பது இருபது இங்கிலீசுச் சொல். மிச்சமெல்லாம் கைதான். ஆகவே நான் தும்மிக் காட்டினேன். முதலாளி எட்டிப் பார்த்து, இருவரையும் முகமூடி போடச் சொன்னார்.

வெள்ளிக்கிழமை ஆண்களுக்குப் படம். திங்கட்கிழமை பெண்களுக்கு. அன்றைக்கு அவன் மனைவி ஸக்கினா உள்ளே படம் போடுவாள், இவன் வெளியே பனியில் எஞ்சினோடு நிற்பான். உள்ளே பெண்கள் சிரிப்பது கேட்கும். எந்தக் காட்சிக்குச் சிரித்தார்கள் என்று எத்தனை தரம் கேட்டும் அவள் சொல்லவில்லையாம். இதைச் சொல்லும்போது அவன் ரொட்டியைக் கருக்கிவிட்டான். ஸக்கினா இன்னும் அங்கேதான்.

சரி, இப்போது நியாயத்துக்கு வாரும். பதினோராம் திகதி கந்தோரிலிருந்து எடுத்தார்களாம். கௌசிகா "பெரியம்மா கோயிலுக்குப் போட்டா" என்று சொன்னாளாம். உமக்கு இவ்வளவு பக்தி எப்போது வந்தது? நான் இங்கே மேய்ஸ் ஹில் முருகன் கோயிலுக்குப் போவதே பிரசாதத்துக்காக. இனி எடுத்தால் தயவுசெய்து கதையும்.

உம்முடைய,
தவம்


தர்மபுரம்
30.05.2012

கௌசிகாவின் பெரியப்பாவுக்கு,

நலமாய் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எங்களுக்கும் குறையில்லை.

அன்றைக்கு நல்ல மழை. போனிலும் சார்ஜ் இல்லை. அதுதான்.

டிவிக்கு மாவு பூசின கதையை நாலு தரம் வாசித்தேன். தங்கச்சி, "என்னக்கா தனியச் சிரிக்கிறாய்" என்று கேட்டாளாம். கௌசிகா சொன்னாள். ஸக்கினா ஏன் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். சொன்னால் அந்த மனிசன் பிறகு வெளியே நின்று காது கொடுக்கமாட்டார்.

ஒரு சங்கதி. பக்கத்து வளவில் ஒருத்திக்கு வெளிநாட்டுக் கலியாணம் பேசுகிறார்கள். அவள் கேட்கச் சொன்னாள். அங்கே வருவதற்கு முன் வைத்தியச் சோதனை இருக்காமே. அதில் என்னென்ன பார்ப்பார்கள்? பல்லுப் பார்ப்பார்களா, கண், காது? ஏதும் குறை இருந்தால் வேண்டாம் என்று விடுவார்களா? கூப்பிட்ட மனிசனுக்கும் அதனால் கரைச்சல் வருமா? கேட்டு எழுதுங்கோ.

பூசணிக்காய் எட்டு ஆய்ந்தோம்.

நாகலட்சுமி


மெரிலாண்ட்ஸ்
24.06.2012

அன்புள்ள நாகலட்சுமிக்கு,

எனக்கு உடம்பில் குறையில்லை. உமக்கும் இருக்காது என்று நினைக்கிறேன்.

பக்கத்து வளவுக்காரியின் கேள்விக்குப் பிறகு பதில் சொல்கிறேன். முதலில் எனக்கு ஒரு கேள்வி இருக்கிறது. கந்தோரிலிருந்து இரண்டாம் தரமும் எடுத்திருக்கிறார்கள். இந்த முறை மழை இல்லை. நான் பத்திரிகையில் பார்த்தேன், அதாவது படத்தைப் பார்த்தேன், நல்ல வெயில். இப்போது கடிதம் அனுப்பியிருக்கிறார்கள். கடைசித் தரம் ஒக்டோபர் எட்டாம் திகதி எடுப்பார்களாம். அன்றைக்கும் ஆள் கதைக்காவிட்டால் கோப்பை மூடிவிடுவார்களாம்.

நாகு, பகிடியை விட்டுவிட்டுக் கேட்கிறேன். உமக்கு இங்கே வர விருப்பமில்லையா? நான் இல்லாமல் வீட்டில் அமைதி கண்டு பழகிவிட்டதா? அப்படியென்றால் அதை எழுதும். எழுதினால் முராத்திடம் வாசித்துக் காட்டுவேன், அவன் எனக்கு ஒரு ரொட்டி தருவான், முடிந்துபோகும். ஒன்றும் சொல்லாமல் இருக்காதேயும். எண்ணெய் முடிந்த டிவிக்கு முன்னால் இருக்கிற மாதிரி இருக்கிறது. இந்தப் படத்துக்கு மிச்சக் கதை எனக்குத் தெரியாது.

தவம்


மெரிலாண்ட்ஸ்
19.08.2012

அன்புள்ள நாகுவுக்கு,

எட்டுக் கிழமையாக உம்மிடமிருந்து கடிதம் இல்லை. உடம்புக்கு ஏதுமா? கௌசிகா போனில் "பெரியம்மா நல்லாயிருக்கிறா" என்கிறாள், குரல் நல்லாயில்லை.

நேற்று வேலையில் முராத், "உன்ர முகம் ஏன் மாவு மாதிரி?" என்று கேட்டான். உம்முடைய கடைசிக் கடிதத்தை எனக்குத் தெரிந்த இருபது சொல்லிலும் கையிலும் அவனுக்குச் சொன்னேன். பல், கண், காது என்று என் முகத்தில் தொட்டுக் காட்டினேன். அவன் ரொட்டிப் பலகையைக் கீழே வைத்தான். "எந்தக் காது?" என்று கேட்டான்.

பிறகு பாதி சொல்லாலும் பாதி கையாலும் ஒன்று சொன்னான். அவனுடைய படக்கூடத்தில் முதல் மெத்தையில் மற்றவர்கள் இருக்கக்கூடாதாம். அது ரொக்கெட் விழுந்து காது போனவர்களுக்கு. படம் ஓடும்போது இவன் டிவிக்குப் பக்கத்தில் நின்று, வசனம் முழுவதையும் கையாலும் முகத்தாலும் நடித்துக் காட்டுவான். இந்தி தெரியாதவன் எப்படி நடித்தான் என்று கேட்காதேயும். அவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்களாம்.

"காது போனவர்கள் முதலில் காது போனது என்று சொல்லமாட்டார்கள்" என்றான். "பின்னாலிருந்து படம் தெரியேல்லை, முன்னுக்கு இருக்கிறன் எண்டு வருவினம். கண்ணைக் குற்றம் சொல்லுவினம். நான் ஒண்டும் கேக்கிறேல்லை. மெத்தையைக் காட்டுவன்."

நானும் கேட்காமல் மெத்தையைக் காட்டியிருக்கலாம். எனக்கு அவ்வளவு பொறுமை இல்லை. நாகு, உமக்குக் காது கேட்கிறதா? கேட்கும் என்றால் இந்தக் கடிதத்தை அடுப்பில் போட்டுவிட்டு, முராத்துக்கு விசர் என்று எழுதும். கேட்காது என்றால் ஒரு சொல் எழுதும். அது போதும்.

உம்முடைய,
தவம்


தர்மபுரம்
03.09.2012

இஞ்சாருங்கோ,

கேட்காது.

ஒரு சொல் போதும் என்றீர்கள். ஆனால் பேனை எடுத்தபடியால் எழுதுகிறேன். கடைசிச் சண்டை நேரம், மாத்தளனில், 2009 சித்திரை மாதம். தண்ணி எடுக்கப் பங்கர்க் குழியை விட்டு வெளியே வந்தேன். ஷெல் விழுந்த சத்தம் எனக்குக் கேட்கவில்லை. அதற்குப் பிறகும் ஒன்றும் கேட்கவில்லை. வலது காது முழுதும். இடது காதில் எப்போதாவது கிணற்றுக்குள் வாளி விழுகிற மாதிரி ஒன்று. வேறு காயம் இல்லை. பிறகு அகதி முகாமில் எல்லோரும் எனக்கு அதிர்ஷ்டம் என்றார்கள். வாயசைவில் கண்டுகொண்டேன்.

ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். உங்கள் வாயை ஊருக்கே தெரியும். எண்ணெய் முடிந்தால் ஊரே உங்கள் வாயைப் பார்த்துக்கொண்டிருக்கும். அந்த வாய்க்கு வீட்டில் இருந்த காது என்னுடையதுதான். கேட்காத பெண்சாதியோடு நீங்கள் என்ன கதைப்பீர்கள்? அது ஒரு பயம். மற்றப் பயம், சோதனையில் பிடிபட்டு, என்னால் உங்களையும் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று. பக்கத்து வளவில் ஒருத்தியும் இல்லை. அந்த வளவில் இப்போது வீடே இல்லை.

ஒருதரம் "நான் சுகம்" என்று சொன்னேனே. கௌசிகா கையைக் காட்டினாள், நான் சொன்னேன். அவள் போனை வாங்கி வைக்கும்போது சிரித்தாள். அந்த நேரம் நீங்கள் ஏதோ சொல்லிக்கொண்டிருந்திருக்கிறீர்கள். என்னவென்று கேட்டால் இன்றைக்கும் சொல்லமாட்டேன் என்கிறாள். நீங்களாவது எழுதுங்கோ.

முராத்துக்கு விசர் இல்லை என்று சொல்லுங்கோ.

நாகலட்சுமி


மெரிலாண்ட்ஸ்
23.09.2012

என் நாகுவுக்கு,

கடிதத்தை வாசித்துவிட்டு வேலைக்குப் போனேன். அன்றைக்கு அடுப்புப் புகை கண்ணுக்குள் அதிகம். முராத்தும் அப்படித்தான் சொன்னான்.

இப்போது கவனமாய் வாசியும். இங்கே எங்கள் சனத்துக்குப் படிவம் நிரப்பிக் கொடுக்கிற விமலாதேவி அன்ரி இருக்கிறா. ஓடிப்போய்க் கேட்டேன். "காது கேக்கேல்லை எண்டு ஆரையும் திருப்பினதை நான் காணேல்லை, தவம். ஆனால் போனை எடுக்காமல் விட்டால் கட்டாயம் திருப்புவினம். இத்தனை மாசம் என்ன செய்தனீர்?" என்று நல்ல ஏச்சு. அன்றைக்கே கந்தோருக்கு எழுதினா. எட்டாம் திகதி போன் இல்லை. நீர் கொழும்பில் அவர்களுடைய கந்தோருக்கு நேரில் போய்க் கதைக்க வேண்டும், திகதி வரும். கௌசிகா பக்கத்தில் இருந்து கேள்விகளைக் கொப்பியில் எழுதிக் காட்டலாம். காது விசயத்தை மறைக்கவேண்டாம். முதல் கேள்விக்கு முன்னமே சொல்லிவிடும்.

கேட்காத பெண்சாதியோடு என்ன கதைப்பேன் என்றீரே. கேட்ட காலத்தில் மட்டும் நான் சொன்ன எதையாவது கேட்டு நடந்தீரா?

அன்றைக்குப் போனில் சொன்னதை எழுதமாட்டேன். எழுத்துப் பிழை வரும். நீர் வந்த பிறகு, முராத் மாதிரி டிவிக்குப் பக்கத்தில் நின்று கையால் சொல்லிக் காட்டுகிறேன். முதல் மெத்தை உமக்குத்தான்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளும்.
தவம்


தர்மபுரம்
14.12.2012

இஞ்சாருங்கோ,

கொழும்புக்குப் போய்விட்டு நாங்கள் பத்திரமாய் வந்து சேர்ந்தோம். நீங்களும் முராத்தும் நலமா?

அதிகாரி ஓர் இளம் வெள்ளைக்காரப் பிள்ளை. மொழிபெயர்க்க ஓர் அங்கிள். அவர் சொல்லச் சொல்லக் கௌசிகா எழுத, நான் வாசித்துப் பதில் சொன்னேன். சத்தமாய்ச் சொல்லிவிட்டேன் போல. வாசலில் நின்ற காவல்காரர் இரண்டு தரம் எட்டிப் பார்த்தார்.

கலியாணத் திகதி, உங்கள் தாய் தகப்பன், எல்லாம் கேட்டாள். பிறகு, "உங்கட கணவரைப் பற்றி, கூட இருந்த ஆளுக்கு மட்டும் தெரிஞ்ச ஒண்டைச் சொல்லுங்கோ" என்று கொப்பியில் வந்தது. "எண்ணெய் முடிஞ்சா மிச்சக் கதையை அவர்தான் சொல்லுவார். எல்லாம் பொய்க்கதை. ஒருத்தரையும் சாக விடமாட்டார். ஒரு படத்தில கதாநாயகியின்ர தகப்பன் முதல் காட்சியிலயே செத்துப்போனவர். எண்ணெய் முடிஞ்ச பிறகு அவரையும் எழுப்பிக் கலியாணத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்தவர். சனம் எண்ணெய் முடியவேணும் எண்டு நேர்ந்துகொண்டிருக்கும்" என்றேன்.

ஏன் அப்படிச் செய்தார் என்று அவள் கேட்டாள். "வெளியில சாகிறது காணும், படத்திலயும் வேண்டாம் எண்டு சொல்லுவார்" என்றேன்.

அந்த அங்கிள் அதை மொழிபெயர்க்கக் கொஞ்ச நேரம் எடுத்தார். அவள் அதிக நேரம் எழுதினாள். என்ன எழுதினாள் என்று தெரியாது. அறிவிப்போம் என்றார்கள்.

வரும் வழியில் பஸ்ஸில் படம் போட்டார்கள். நான் முன் சீற்றில் இருந்தேன். பக்கத்தில் நின்று சொல்ல ஆள் இல்லை. நானே ஒரு கதை வைத்துக்கொண்டேன். அதிலும் ஒருவரும் சாகவில்லை.

காத்திருக்கும்,
நாகலட்சுமி


மெரிலாண்ட்ஸ்
31.03.2013

என் நாகுவுக்கு,

நீர் இதை வாசிக்கும்போது உமக்கே கடிதம் வந்திருக்கும். எனக்குச் செவ்வாய்க்கிழமை வந்தது. விமலாதேவி அன்ரி மூன்று தரம் வாசித்து, மூன்று தரமும் ஓம் என்றுதான் இருக்கிறது என்றா. காதுச் சோதனை முடிவையும் பார்த்துவிட்டுத்தான் ஓம் என்றிருக்கிறார்களாம். இனி டிக்கெற் மட்டுந்தான். குளிர்காலத்தில் வருவீர். உமக்கு ஒரு கம்பளிச் சட்டை வாங்கினேன். ஐந்து வருடத்துக்கு முந்தின அளவு. இப்போது எப்படியோ தெரியாது, எழுதும்.

முராத் எனக்கு முன்னால் வந்தவன். ஸக்கினாவைக் கூப்பிடும் அவன் கோப்பு இன்னும் திறக்கப்படவில்லை. ஸக்கினா இப்போதும் திங்கட்கிழமைகளில் படம் போடுகிறாளாம். எஞ்சினையும் அவளேதான் பார்க்கிறாள். பெண்கள் சிரிக்கிறார்களாம், வெளியே நின்று கேட்க ஆள் இல்லை. உம்முடைய சேதி வந்த அன்று அவன் என்னைக் கட்டிப்பிடித்துவிட்டு, தனியே போய் நெடுநேரம் மாவு குழைத்தான். அன்றைக்குத் தேவைக்கு அதிகமாய் ரொட்டி இருந்தது.

ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்குப் பழக்குகிறான். கவுன்சில் குப்பை எடுக்கும் கிழமையில் தெருவோரத்தில் எடுத்த பெரிய டிவி ஒன்று வீட்டில் இருக்கிறது. முதல் மெத்தையில் அவன் இருப்பான், டிவிக்குப் பக்கத்தில் நான் நிற்பேன். சண்டைக்காட்சி எனக்கு நன்றாய் வருகிறது. அழுகை வரவில்லை, சிரிக்கிறான். காதல் வசனத்துக்குத் தோளை உயர்த்தக்கூடாதாம்.

அன்றைக்குப் போனில் உமக்குச் சொன்னதை இன்று பழகினேன். அது சின்ன விசயம் இல்லை. இரண்டு கையையும் நன்றாய் அகட்ட வேண்டியிருக்கிறது. இடது கை சரியாய் வந்தது. வலது கை டிவியில் பட்டது. டிவி மேசையிலிருந்து முகம் குப்புற விழுந்தது. தூக்கி வைத்துப் பார்த்தோம். சத்தம் நல்ல தெளிவாய் வருகிறது. படம் மட்டும் இல்லை.

வேறு புதினம் இல்லை.

தவம்